முன்பின் சாரின் பத்தொன்பது நோட்டுகள்

பிப்ரவரி 9

காலையில் கண்ணாடிக் கடையில் ஏழு பேருக்குக் கண் பார்த்தேன். அதில் ஒருவர் எழுத்துப் பலகையை மனப்பாடம் செய்துகொண்டு வந்திருந்தார். வேலைக்குக் கண் சான்று வேண்டுமாம். கடைசி வரியைக் கண்ணை மூடிக்கொண்டே ஒப்பித்தார். பலகையைத் திருப்பி வைத்தேன். மனுஷர் மூக்குடைபட்டுப் போனார். பின்னால் கண்ணாடி தேய்த்துக்கொண்டிருந்த என் வீட்டுக்காரர் சிரித்த சிரிப்பில் ஒரு லென்ஸ் போயிற்று.

மத்தியானம் கல்லூரியிலிருந்து கடிதம். அப்பா இறந்தபின் நான் அங்கே கொடுத்த அவருடைய பத்தொன்பது தத்துவ நோட்டுகளை அச்சிடுவதா, வீட்டுக்கே திருப்பி அனுப்புவதா என்று ஏப்ரல் 2-ஆம் தேதி குழு கூடி முடிவு செய்யுமாம். “முதல்கட்டக் கருத்து சாதகமாக இல்லை என்பதை வருத்தத்துடன்...” வருத்தமாவது ஒன்றாவது. கையெழுத்து, குழுத் தலைவரான பேராசிரியருடையது. மாணவர்கள் அவரைச் ‘சிவப்பு மை’ என்பார்கள். நான் வைத்த பெயர் இல்லை.

அப்பா அந்தக் கல்லூரியில் முப்பத்தொரு வருஷம் தத்துவம் நடத்தினார். நான் நாட்களை வரிசையாக வாழ்வதில்லை என்று முதல் வகுப்பிலேயே சொல்லிவிடுவார். இன்று வந்திருப்பது நாற்பத்தைந்து வயதுக்காரன், அடுத்த வாரம் அறுபது வயதுக்காரன் வரலாம், முகத்தைப் பார்த்துக் குழம்பாதீர்கள் என்பார். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். முன்பின் சார் என்று பெயர் வைத்தார்கள். ஒரு வாரம் தலை கறுப்பாக இருக்கும், மறுவாரம் வெளுத்திருக்கும். சாயம் போடுகிறார், சில வாரம் மறந்துவிடுகிறார் என்று ஊரே முடிவுகட்டியது. நானும்தான்.

போன வருஷம் அவர் இறந்தபோது டாக்டர் வயதைக் கேட்டார். அறுபத்தேழு என்றேன். டாக்டர் என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு எழுதிக்கொண்டார்.

பிப்ரவரி 10

கடிதத்தை நாலு முறை படித்தாயிற்று. நாலு முறையும் அதேதான் சொல்கிறது.

பிப்ரவரி 15

கல்லூரிக்குப் போனேன். சிவப்பு மை மரியாதையாகத்தான் உட்காரவைத்தார். நோட்டுகளை அட்டையில் உள்ள தேதிப்படி ஒன்று முதல் பத்தொன்பதுவரை அடுக்கி, எண் ஒட்டி, மேஜையில் வைத்திருந்தார். மனிதர் நறுவிசானவர். அதைக் குறை சொல்ல முடியாது.

நான்காவது நோட்டைத் திறந்து காட்டினார். ‘நடந்த எதையும் மாற்றலாம்’ என்று இருந்தது. ஏழாவதில் ‘எதையும் மாற்ற முடியாது, ஆகவே எதுவும் பொருட்டில்லை.’ எட்டாவதில் மறுபடி ‘மாற்றலாம்.’ பதினொன்றில் வேறு எதுவோ. முதல் நோட்டைத் தனியாக ஓரமாக வைத்திருந்தார். அதில் மகள், கடை, நாற்காலி என்று வீட்டுக் கதையாக இருக்கிறதாம். முதிர்ச்சி வராத காலத்து எழுத்து, அதை எப்படியும் சேர்ப்பதற்கில்லை என்றார்.

“உங்க மனசு கஷ்டப்படும்னு தெரியும்மா. ஆனா இது தத்துவம் இல்ல, தடுமாற்றம்.”

எனக்குத் தத்துவம் தெரியாது. எழுந்து வந்துவிட்டேன். வாசலில் நூலகர் அம்மா நிறுத்தினார். அப்பாவிடம் படித்தவர். எந்த மத்தியானம் வேண்டுமானாலும் வந்து நோட்டுகளைப் படியுங்கள் என்று சொல்லி, பத்தொன்பது தேதிகளையும் ஒரு தாளில் எழுதிக் கொடுத்தார்.

தடுமாற்றமாம். அப்பாவுக்குக் கண்தான் சரியில்லை. புத்தி சரியாகத்தான் இருந்தது.

பிப்ரவரி 16

தம்பி வந்தான். நோட்டுகளை நானே காரில் போய் எடுத்துவந்துவிடுகிறேன், பரணில் போட்டுவிடலாம் என்றான். பள்ளியில் அவனை முன்பின் மகன் என்று கூப்பிட்டுக் கிண்டல் செய்தது இன்னும் அவனுக்கு ஆறவில்லை.

“ஊர் சிரிச்சது போதும்க்கா. அவர் செத்ததுக்கு அப்புறமும் சிரிக்கணுமா?”

பிறகு வழக்கமான சண்டை. அம்மா ஆஸ்பத்திரியில் இறந்த அன்று அப்பா டாக்டர், மருந்து, டாக்டர் என்று தாழ்வாரத்தில் ஓடிக்கொண்டே இருந்தார், ஒரு நிமிஷம் அம்மா பக்கத்தில் உட்காரவில்லை என்பது அவன் கட்சி. உட்கார்ந்தார், அம்மா கையைப் பிடித்துக்கொண்டு கடைசிவரை உட்கார்ந்தே இருந்தார், நான் கண்ணால் பார்த்தேன் என்பது என் கட்சி. இருபத்துமூன்று வருஷமாக இதே பாட்டு. நான் பொய் சொல்லி அவரைக் காப்பாற்றுகிறேன் என்று அவன் நினைக்கிறான். மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு போய்விட்டான்.

பிப்ரவரி 22



நூலகர் அம்மா கொடுத்த தாளை இன்றுதான் ஒழுங்காகப் பார்த்தேன். தேதிகள் எங்கேயோ பார்த்த மாதிரி இருந்தன. அப்பாவுக்கு ஒரு வழக்கம் உண்டு. புது நோட்டு தொடங்கும் அன்று என் கடைக்கு வந்து கண்ணைக் காட்டி, புதுக் கண்ணாடி போட்டுக்கொள்வார். கடை அலமாரியில் அவர் உறையை எடுத்தேன். பத்தொன்பது கண் பரிசோதனைச் சீட்டுகள். பத்தொன்பது தேதிகளும் அச்சாகப் பொருந்தின.

அது பெரிய விஷயம் இல்லை. பவரைப் பார்த்தேன்.

நாற்பது வயதுக்கு மேல் கிட்டத்தில் படிப்பதற்கான பவர் ஏறிக்கொண்டேதான் போகும். ஒன்று, ஒன்றரை, இரண்டு, இரண்டரை. இறங்காது. என்னிடம் வரும் எல்லாருக்கும் அப்படித்தான். அப்பாவுக்கு மட்டும் தேதிப்படி பார்த்தால் மூன்று, ஒன்றரை, இரண்டேகால், ஒன்றேகால், இரண்டே முக்கால். மேலும் கீழுமாக ஏறி இறங்குகிறது.

எனக்கு இது அப்போதே தெரியும். தெரிந்து என்ன செய்தேன்? அளந்தது தப்பு என்று நினைத்தேன். நாற்பத்தைந்து வயதுக்கு மூன்று வருமா, மகளே தப்பாகப் பார்த்தாள் என்றால் கடை விளங்குமா என்று பயந்து, அளந்த எண்ணைக் கோடு போட்டு அடித்துவிட்டு, பக்கத்தில் ‘வர வேண்டிய’ எண்ணை எழுதியிருக்கிறேன். ஒரு முறை இல்லை. பன்னிரண்டு சீட்டுகளில். கோட்டுக்கு அடியில் நிஜ எண் எல்லாம் பளிச்சென்று தெரிகிறது.

நானும் சிவப்பு மைதான்.

பிப்ரவரி 23

அந்தத் தப்புப் பவரைத்தான் கண்ணாடியாகப் போட்டுக் கொடுத்தேன். அவர் போட்டுக்கொண்டாரே. பன்னிரண்டு கண்ணாடி. சரியா தெரியுதாப்பான்னு கேட்டா, கொஞ்சம் தள்ளிப் பிடிச்சா நல்லாவே தெரியுதும்மான்னு சொல்லுவாரு. எத்தனை வருஷம் கையை நீட்டி நீட்டிப் படிச்சிருப்பாரு. ஒரு வார்த்தை சொல்லலையே. சொல்லியிருந்தா நான் நம்பியிருப்பேனா? நம்பியிருக்க மாட்டேன். அதுவும் அவருக்குத் தெரியும்.

கடையை மூடிவிட்டு வீட்டில் உட்கார்ந்து அழுதேன். வீட்டுக்காரர் டீ போட்டுக் கொடுத்தார்.

பிப்ரவரி 26

இன்று வீட்டுக்காரரும் நானும் கடை மேஜையில் பத்தொன்பது சீட்டுகளையும் நிஜப் பவர்படி அடுக்கினோம். ஒன்றேகாலில் தொடங்கி மூன்றில் முடிகிறது. அப்பாவின் கண் வாழ்ந்த வரிசை.

முதலில் வருவது கடை திறந்து ஆறு வருஷம் கழித்து அவர் வந்த நாள். எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. தலை கன்னங்கரேல் என்று வந்து நாற்காலியில் உட்கார்ந்து, அம்மா பேச்சை எடுத்துத் தேம்பித் தேம்பி அழுதார். ஏழு வருஷமாச்சுப்பா, இன்னுமா என்று கேட்டேன். எரிச்சலாகத்தான் கேட்டேன். அவருக்கு ஏழு வருஷம் ஆகவில்லை. அம்மா போய் ஒன்றிரண்டு மாதம்தான் ஆகியிருந்தது.

கடைசியில் வருவது மூன்று. அந்தச் சீட்டில் தேதியைப் பார்த்துவிட்டு வீட்டுக்காரர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார். நாங்கள் கடை திறந்த முதல் நாள் அது. காலையிலிருந்து ஈ காக்கை வரவில்லை, அப்பா மட்டும் வந்தார். பஞ்சாக வெளுத்த தலை. சாயம் போடக்கூட நேரமில்லையா என்று கேலி செய்தேன். முதல் சீட்டு என்ற பெருமையில் மணிகூட எழுதியிருக்கிறேன்: 10.40.

“அப்படின்னா உங்கப்பா சாகுறதுக்குக் கொஞ்ச நாள் முன்னாடி, எங்க வேணா போகலாம்னு இருக்கும்போது, இங்க வந்திருக்காரு,” என்றார் வீட்டுக்காரர்.

முதிர்ச்சி வராத எழுத்து என்று ஓரமாக வைத்திருக்கிறார்களே, அந்த நோட்டுதான் கடைசி நோட்டு.

மார்ச் 6

நூலகத்தில் நான்கு மத்தியானம். நூலகர் அம்மா சத்தமாகப் படிக்க, நான் கேட்டேன். சீட்டின் வரிசையில் படித்தோம். படிக்கும் பவர் ஒன்றாக வந்த சீட்டுகளைத் தூரப் பவரை வைத்துப் பிரித்திருந்தேன்; அப்படியும் இரண்டு இடத்தில் எல்லா எண்ணும் ஒன்றாகவே வந்து முட்டியது. அங்கே மட்டும் எழுத்தின் போக்கைப் பார்த்து அவர் முடிவு செய்தார்.

எனக்கே புரிகிறது. சின்ன வயது அப்பா எல்லாவற்றையும் மாற்றலாம் என்கிறார். அம்மா இறந்த நாளுக்கே போய் மாற்றப் பார்க்கிறார். முடியவில்லை. திரும்பப் போகிறார். நடுவில் ஐந்து நோட்டு முழுக்க மனுஷர் கசந்துபோய், எதுவும் பொருட்டில்லை என்கிறார். அதற்கப்புறம் மெல்ல, ஒரு நோட்டுக்கு ஒரு அடி என்று, வேறு ஒரு இடத்துக்கு வந்து சேருகிறார். ஒரு முரண் இல்லை. ஒரு மனிதன் யோசித்து யோசித்து நடந்த ஒரே பாதை.

கடைசி நோட்டை நூலகர் அம்மாவால் சத்தமாகப் படித்து முடிக்க முடியவில்லை. என்னிடம் நீட்டினார்.

மார்ச் 12

ஒன்றை மறந்துவிட்டேன். கண்புரை. கண்புரை தொடங்கும்போது சிலருக்குப் படிக்கும் பவர் கொஞ்சம் இறங்கும். சிவப்பு மையிடம் யாராவது கண் டாக்டர் இதைச் சொல்லிக் கொடுத்தால் என் அடுக்கு மொத்தமும் சரிந்துவிடும். சீட்டுகளைக் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தேன். நல்லவேளை, கண்ணின் லென்ஸ் புரையில்லாமல் தெளிவாக இருக்கிறதா என்று ஒவ்வொரு முறையும் குறித்திருக்கிறேன். பத்தொன்பதிலும் ‘தெளிவு’. அந்த இடத்தில் மட்டும் நான் எதையும் திருத்தவில்லை.

மார்ச் 19

நூலகர் அம்மா போன் செய்தார். குரலில் அப்படி ஒரு துள்ளல். கல்லூரியின் பழைய வருகைப் பதிவேடுகளைக் கிளறியிருக்கிறார். நான் கடை திறந்த அன்று, பத்தரையிலிருந்து பதினொன்றரைவரை அப்பா தர்க்க வகுப்பு எடுத்திருக்கிறார். கையெழுத்து இருக்கிறது, நாற்பத்திரண்டு மாணவர் பெயர் இருக்கிறது. கல்லூரியிலிருந்து என் கடைக்கு பஸ்ஸில் ஒரு மணி நேரம்.

வகுப்பை ஏமாற்றிவிட்டு எனக்காக வந்தார் என்றுதான் இத்தனை நாள் நினைத்திருந்தேன். ஏமாற்றவில்லை. அங்கேயும் இருந்தார்.

ஏப்ரல் 2

எல்லாவற்றையும் எழுதிவிட வேண்டும்.

ஏழு பேர் குழு. பின்வரிசையில் தம்பி. நோட்டுப் பெட்டிகளை எடுத்துப்போக காரோடு வந்திருந்தான், என்னைப் பார்த்து ஒரு தலையாட்டல்கூட இல்லை. நான் சீட்டுகளை மேஜையில் பரப்பினேன். முதலில் நான் செய்த தப்பைச் சொன்னேன். அடித்துத் திருத்திய பன்னிரண்டையும் ஒவ்வொன்றாகக் காட்டினேன். பிறகு வரிசையைச் சொன்னேன்.

சிவப்பு மை கண்புரையைக் கேட்டார். கேட்பார் என்று தெரியும். ‘தெளிவு’ பத்தொன்பதையும் காட்டினேன். ஒரே பவர் வந்த இரண்டு இடத்தைக் கேட்டார். அங்கே எங்களுக்கு உறுதி இல்லை, படித்துப் பார்த்து முடிவு செய்தோம் என்று உள்ளதைச் சொன்னேன். தலையசைத்தார். பதிவேட்டையும் முதல் சீட்டையும் நூலகர் அம்மா பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். ஒவ்வொருவராகக் குனிந்து அந்த 10.40-ஐப் பார்த்தார்கள்.

காலப்பயணம் உண்டா இல்லையா என்று இந்தக் குழு தீர்ப்புச் சொல்ல வேண்டியதில்லை, இந்த வரிசையில் எழுத்து நிற்கிறதா என்று மட்டும் பார்ப்போம் என்றார் சிவப்பு மை. ஓரமாக வைத்த நோட்டைத் தானே எடுத்துச் சத்தமாகப் படித்தார்.

‘இன்று மகள் கடை திறந்தாள். முதல் வாடிக்கையாளனாக இருக்க வந்தேன். அவளுடைய முதல் நாளை நான் நல்ல நாளாக்க வரவில்லை, நாற்காலியில் உட்கார வந்தேன். இதைக் கற்க எனக்கு ஒரு வாழ்க்கை ஆயிற்று. மனைவி இறந்த நாளை மாற்ற ஒன்பது முறை போனேன். ஒன்பது முறையும் டாக்டரைத் தேடி ஓடினேன். பத்தாவது முறை அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். எதுவும் மாறவில்லை. ஆனால் அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். நடந்ததை மாற்ற நமக்கு வழியில்லை; நடக்கும்போது பக்கத்தில் இருக்க வழி உண்டு. பொருட்டானது அது ஒன்றுதான்.’

படித்து முடித்து அந்த நோட்டை வரிசையின் கடைசியில் வைத்தார்.

“தப்பு நோட்டுல இல்ல. நான் அடுக்குனதுலதான்,” என்றார். எல்லார் முன்னாலும் சொன்னார்.

அச்சிடலாம் என்பவர்களைக் கை தூக்கச் சொன்னார்கள். ஏழு கை. முதலில் எழுந்தது அவருடையது. எனக்கு உச்சியிலிருந்து உள்ளங்கால்வரை ஒரு சந்தோஷம் இறங்கியது. இந்த மாதிரி ஒரு சந்தோஷத்தை என் வாழ்க்கையில் நான் பார்த்ததில்லை. நூலகர் அம்மா என்னைக் கட்டிக்கொண்டார்.

திரும்பிப் பார்த்தால் தம்பியைக் காணோம். வெளியே காரில் சாய்ந்து நின்றான். முகம் முழுக்க ஈரம்.

“ஓடுனதும் அவருதான், உட்கார்ந்ததும் அவருதான். நாம ரெண்டு பேருமே சரியாத்தான்க்கா பார்த்திருக்கோம்.”

ஏப்ரல் 3

பெட்டி ஏற்ற வந்த காரில் என்னை ஏற்றிக்கொண்டுவந்து வீட்டில் விட்டான். இன்று மத்தியானம்வரை தூங்கினேன்.

ஆகஸ்ட் 14

நூலின் முன்னுரையில் சிவப்பு மை ‘காலப்பயணம் என்னும் கற்பனையின் வழியே’ என்று எழுதியிருந்தார். நான் ஒரு சிவப்புப் பேனா வாங்கி அந்த வரியை அடித்து அனுப்பினேன். இரண்டு நாள் பதில் இல்லை. இன்று வந்தது. ‘தாம் வாழ்ந்த வரிசையில்’ என்று மாற்றியிருக்கிறார். கீழே, உங்கள் கோடு என் கோட்டைவிட நேராக இருக்கிறது என்று ஒரு குறிப்பு. மனிதருக்கு நகைச்சுவைகூட வருகிறது.

ஜனவரி 20

வெளியீடு. நூலின் பெயர் ‘பக்கத்தில் இருப்பது’. முந்நூறு நாற்காலி போட்டார்கள், போதவில்லை. சுவரோரம் நின்றார்கள், மாடிப்படியில் உட்கார்ந்தார்கள்.

பேச்செல்லாம் முடிந்த பிறகுதான் விஷயமே. ஒரு பஸ் மெக்கானிக் மேடைக்கு வந்தார். அவருக்கு வேலை போன அன்று பூங்கா பெஞ்சில் வெள்ளைத் தலையோடு முன்பின் சார் வந்து இவர் பக்கத்தில் உட்கார்ந்தாராம். ஒரு ஆறுதலும் சொல்லவில்லையாம், சாயங்காலம்வரை இருந்துவிட்டுப் போனாராம். அடுத்த நாள் கல்லூரி வாசலில் பார்த்து நன்றி சொன்னபோது, கறுப்புத் தலையோடு, எதற்கு நன்றி என்று முழித்தாராம். சொல்லிவிட்டு அவர் இறங்குவதற்குள் அடுத்து ஒரு நர்ஸ் ஏறினார். பிறகு ஒரு தையற்காரர், ஒரு வக்கீல். எல்லாருக்கும் அவரவர் வாழ்க்கையின் மோசமான நாள். எல்லாருக்கும் வெள்ளைத் தலை. நான் எண்ணினேன், பதினெட்டுப் பேர்.

கடைசியாக மைக்கைப் பிடித்த சிவப்பு மை, இது அச்சில் வராத இருபதாவது நோட்டு என்றார். கைதட்டல் அடங்க நெடுநேரம் ஆயிற்று. தம்பி எழுந்து நின்று தட்டினான். கை சிவந்துவிட்டது என்று சாயங்காலம் என்னிடம் காட்டினான்.

நவம்பர் 11

மூன்று பேருக்குக் கண் பார்த்தேன். மழை, கூட்டமில்லை.

நாலு மணிக்குத் தம்பி விறுவிறுவென்று கடைக்குள் வந்தான், பின்னாலேயே அவன் மகள். அந்தக் கல்லூரியில்தான் முதல் வருஷம் படிக்கிறாள். பரீட்சைத் தாளை என் மேஜையில் போட்டான். ‘நடந்ததை மாற்றுவது பற்றி முன்பின் சாரின் கருத்தை விளக்குக. பத்து மதிப்பெண்.’ அவள் மூன்று வாங்கியிருக்கிறாள். எதையும் மாற்றலாம் என்பதே அவர் தத்துவம் என்று இரண்டு பக்கம் எழுதி வைத்திருக்கிறாள். சின்ன வயது நோட்டுகளை மட்டும் படித்துவிட்டுப் போயிருக்கிறாள்.

“சொந்தத் தாத்தாவையே தப்பா எழுதியிருக்காக்கா. வெளிய சொன்னா வெட்கக்கேடு,” என்றான் தம்பி.

எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அப்பாவைப் பார்த்துச் சிரித்த கல்லூரியில் இன்று அப்பா பத்து மதிப்பெண் கேள்வி. நானே சொல்லிக்கொடுக்கலாம் என்று வாயெடுத்தேன், அவன் விடவில்லை. நாற்காலியை இழுத்து மகள் பக்கத்தில் போட்டுக்கொண்டு உட்கார்ந்து, ஒன்றேகால் பவர் நோட்டிலிருந்து தொடங்கினான். ஓடிய ஒன்பது முறை, கசந்துபோன ஐந்து நோட்டு, உட்கார்ந்த பத்தாவது முறை. புத்தகத்தைத் திறக்கவே இல்லை. மழை விட்டும் அவன் நிறுத்தவில்லை. என் வீட்டுக்காரர் கண்ணாடி தேய்க்கும் இயந்திரத்தை நிறுத்திவிட்டு வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார்.

நானும் கேட்டேன். ஒரு இடத்தில்கூடத் திருத்த வேண்டியிருக்கவில்லை.